இரண்டாம் நாயனம்

அந்நாளில் முத்துக்குளித்த தோணியில் ஒருவர் கல்லைப் பற்றிக் கடலுள் இறங்குவார். மற்றொருவர் தோணியில் நின்று கயிற்றைப் பிடித்திருப்பார். கயிறு அசைந்ததும் மேலே இழுப்பவர் அவரே. முத்து கிடைத்தால் குளித்தவரின் திறமை பேசப்படும். கயிறு பிடித்தவரை ஊர் நினைத்ததில்லை. இசையரங்கிலும் அத்தகையோர் உண்டு.

நாகசுர மேளத்தில் முதல் நாயனக்காரர் இராகத்தை விரிப்பார். அருகில் நிற்கும் இரண்டாம் நாயனக்காரர் சுருதி குலையாமல் உடன் செல்வார். முதல்வர் மூச்சு வாங்கும் இடத்தில் சங்கதி அறுந்துவிடாமல் தாங்கிக் கொள்வார். கற்ற அனைத்தையும் காட்டும் உரிமை அவருக்கு இல்லை. எங்கே ஊதக் கூடாது என்று அறிவதே அவருடைய முதற்கல்வி.

அக்கல்வியில் தேர்ந்தவர் காருகுறிச்சி அருணாசலம். நெல்லைச் சீமையில் 1921-இல் பிறந்தவர். திருவாவடுதுறை இராஜரத்தினம் பிள்ளையிடம் சேர்ந்து, அவருக்கு இரண்டாம் நாயனம் வாசித்தார். தோடிக்கு மறுபெயராகவே விளங்கிய அம்மேதையின் பக்கத்தில் நிற்பது எளிதன்று. அவ்வெள்ளத்தில் சிறியதோர் ஓடை தன் சுவையை இழந்துவிடக்கூடும். அருணாசலம் இழக்கவில்லை. தஞ்சை மண்ணின் இராக விரிவை உள்வாங்கினார். குழைவும் இனிமையும் நிறைந்த தம் நாதத்தையும் காத்துக் கொண்டார்.

கடல் கடந்தும் இதற்கோர் இணை உண்டு. நியூ ஆர்லியன்ஸ் துறைமுக நகரில் வளர்ந்த லூயி ஆம்ஸ்ட்ராங், 1922-இல் சிகாகோ சென்று, கிங் ஆலிவரின் ஜாஸ் குழுவில் இரண்டாம் கார்னெட் வாசித்தார். 1924-இல் விலகினார், மறு ஆண்டு முதல் தம் பெயரில் இசைத்தட்டுகள் தந்தார். ஜாஸ் இசையின் போக்கையே அவை மாற்றின. துணை நின்ற காலம் அவருக்கு வீணாகவில்லை.

1962-இல் வெளிவந்த ‘கொஞ்சும் சலங்கை’ திரைப்படத்தில், எஸ்.எம். சுப்பையா நாயுடுவின் இசையில், எஸ். ஜானகியின் குரலோடு அருணாசலத்தின் நாகசுரம் இணைந்தது. ஆபேரியில் அமைந்த அப்பாடலில் குரலும் குழலும் போட்டியிடுவன போலத் தோன்றும். கூர்ந்து கேட்டால், குரலுக்கு இடம்விட்டு நாகசுரம் காத்திருப்பது புலப்படும். பெருமுழக்கம் உடைய கருவியை அவ்வாறு அடக்கி வாசிக்க, இரண்டாம் இடத்தில் நின்று பழகிய மூச்சு வேண்டும். முதல்வரான பின்பும் அருணாசலம் அப்பழக்கத்தைக் கைவிடவில்லை.

1964-இல் அவர் மறைந்தபோது அகவை ஐம்பதைத் தொடவில்லை. இன்று தூத்துக்குடி மாவட்டத்தைச் சேர்ந்த கோவில்பட்டியில் அவருக்குச் சிலை உண்டு. ஆயினும் கோயில்தோறும் இரண்டாம் நாயனம் வாசித்து மறைந்த எத்தனையோ பேருக்குச் சிலை வேண்டாம், அழைப்பிதழில் பெயரேனும் இருந்ததா?

கவிதைக்கும் இது பொருந்தும். முன்னோர் சொல்லைத் தாங்கி நடந்தால் தன் குரல் தொலைந்துவிடும் என்று இளங்கவிஞர் அஞ்சுகின்றனர். தாங்கிப் பழகாத குரல்தான் விரைவில் தளர்கிறது என்பதற்கு அருணாசலத்தின் வாழ்க்கை சான்று. பத்தாண்டு நிறைவில் இவ்வட்டம் தன் கவிஞர்களின் பெயர்களைப் பொறிக்கும்போது, அவர்கள் மூச்சு வாங்கிய வேளையில் கயிறு பிடித்து நின்றவர்களின் பெயர்களையும் உடன் பொறிக்கட்டும்.