வாழ்ந்தாரா, நடித்தாரா?

'பரியேறும் பெருமாள்' (2018) பார்த்தவர்கள், அப்பாவாக வந்த நெல்லை தங்கராஜைப் பற்றி, "மனுசன் நடிக்கலப்பா, வாழ்ந்திருக்காரு" என்றார்கள். இந்தப் பாராட்டை நான் ஏற்கவில்லை. வாழ்ந்தார் என்றால் தேர்ச்சி எதற்கு, கூலி எதற்கு என்றாகிவிடும். பெண் வேடங்கட்டித் தெருவில் பல வருசம் ஆடிய உடம்பு அது. வேட்டி உருவப்பட்டு ஓடும் காட்சியில் அந்தத் தேர்ச்சிதான் ஓடுகிறது. இங்கே பனியன் கம்பெனியில் ஓவர்லாக்கில் கை உட்கார நாளாகும். அதைச் சொல்லித்தானே பீஸ் ரேட் கேட்கிறோம்? படம் பேர் வாங்கிய பிறகும் அவர் பழுதடைந்த வீட்டில்தான் இருந்தார். செய்தி வெளியான பிறகே, 2021இல், அரசு உதவி வந்தது. 2023 பிப்ரவரியில் இறந்துபோனார். நம்ம ஊர் விழாவுக்குக் கூத்துக் கலைஞரைக் கூப்பிடும்போது சால்வையோடு நிறுத்தாதீர்கள். சம்பளத்தை முதலில் பேசுங்கள்.