வெளிவராத ஆல்பமும் நாடா சேர்த்தவரும்



நினைவுச் சொற்பொழிவில் அமெரிக்கப் பாப் பாடகருக்கு என்ன வேலை என்று மாணவர்கள் கேட்டார்கள். நியாயமான கேள்விதான். வெளியே வராத ஒரு படைப்பு எப்படி அழியாமல் இருக்கிறது என்பதைப் பேசவே வந்தோம்.

மினியாபோலிஸ் நகரத்துக் கறுப்பினக் கலைஞர் பிரின்ஸ், 1986இல் 'கமில்' என்றொரு ஆல்பத்தை உருவாக்கினார். நாடாவை மெதுவாக ஓடவிட்டுப் பாடிவிட்டு, சரியான வேகத்தில் ஓட்டினால் குரல் உயர்ந்து ஒலிக்கும். ஆண் குரலா பெண் குரலா என்று பிரிக்க முடியாத அந்தக் குரலுக்கு வைத்த பெயர்தான் கமில். அந்த ஆல்பத்தை அவரே கைவிட்டார். அதன் பாட்டுகளையும் சேர்த்து மூன்று இசைத்தட்டு அளவுக்கு இன்னொன்றைக் கொடுத்தபோது, வார்னர் நிறுவனம் குறைக்கச் சொன்னது. 1987 மார்ச்சில் இரண்டு தட்டுகளாக 'சைன் ஓ த டைம்ஸ்' வந்தது.

அந்த ஆண்டுகளில் அவருக்கு ஒலிப்பதிவும் மிக்ஸிங்கும் செய்தவர் சூசன் ராஜர்ஸ். பள்ளிப்படிப்பைப் பாதியில் விட்ட பெண். 1983இல் கருவிகளைப் பழுதுபார்க்கத்தான் பிரின்ஸிடம் வேலைக்குச் சேர்ந்தார். பிரின்ஸ் தனியாகத்தான் பாடுவார்; ராஜர்ஸ் எல்லாவற்றையும் அமைத்துக் கொடுத்துவிட்டு வெளியே போய்விடுவார். 'இஃப் ஐ வாஸ் யுவர் கேர்ள்ஃப்ரெண்ட்' பாட்டுக்கு ஒலி அளவைத் தவறுதலாகக் கூட்டி வைத்துவிட்டார். குரல் கரகரத்தது. பிரின்ஸ் அதை அப்படியே விட்டார். இன்றும் அந்தப் பிசகோடுதான் கேட்கிறோம்.

ஆனால் அவருடைய பெரிய வேலை வேறு. பிரின்ஸின் நாடாக்கள் பல ஸ்டூடியோக்களில் சிதறிக் கிடந்தன. அவற்றைத் தேடி வாங்கி, பட்டியல் போட்டு ஓரிடத்தில் வைக்கத் தொடங்கியவர் அவர்தான். பெட்டகம் என்று இன்று உலகம் பேசுவது அப்படித் தொடங்கியது. மூலப்பதிவின் உரிமை தன்னிடம் இல்லையே என்று 1990களில் கன்னத்தில் 'அடிமை' என்று எழுதிக்கொண்டு மேடையேறிய கலைஞர் பிரின்ஸ். உரிமை கம்பெனியிடம் இருந்த காலத்திலும் வெளிவராத நாடாக்கள் அவர் பெட்டகத்தில் இருந்தன. 2016இல் அவர் இறந்தார். 2020இல், 'சைன் ஓ த டைம்ஸ்' காலத்துப் பாட்டுகள் பல அந்தப் பெட்டகத்திலிருந்து முதன்முறையாக வெளிவந்தன.

நம்மிடமும் கேசட்டுகள் இருக்கின்றன. கூட்டங்களில் பாடியவை, பாட்டிமார் வைத்த ஒப்பாரி, பறையடிப்பு. சிலவற்றின் அட்டையில் பாடியவர் பெயர் உண்டு. பதிவு செய்தவர் பெயர் ஒன்றிலும் இல்லை; அதை எழுதாமல் விட்டவர்களும் நாம்தான். கூட்டம் முடிந்ததும் இரண்டு பெட்டிகளை இந்த மேசையில் வைக்கிறோம். போட்டுக் கேட்டு, குரல் அடையாளம் தெரிந்தவர்கள் பெயரும் ஊரும் எழுதிக் கொடுங்கள். டேப் ரெக்கார்டரைப் பிடித்தவர் யாரென்று தெரிந்தால் அதையும்.