மணப்பந்தலில் தோழமைக்கு ஓர் இடம்



திருமணம் என்பது இருவர் இணையும் நாள் மட்டும் அன்று. இரண்டு குடும்பங்கள் தத்தம் உறவினரை முறைப்படி நிறுத்திப் பார்க்கும் நாளும் ஆகும். சப்ரகமுவ மாகாணத் தோட்டங்களிலே, இரத்தினபுரி, பலாங்கொடை, இறக்குவானைப் பகுதிகளாயினும், கேகாலை மாவட்டத்து எட்டியாந்தோட்டை, தெரணியகலைப் பகுதிகளாயினும், மணப்பந்தலில் ஒவ்வோர் உறவுக்கும் ஒரு கடமை உண்டு. தாய்மாமனுக்குச் சீர் உண்டு. மாப்பிள்ளையின் காலைக் கழுவி வரவேற்கும் தோழன், பெரும்பாலும் பெண்ணின் உடன்பிறந்தான். பெண்ணின் அருகே நிற்கும் தோழி, பெரும்பாலும் மாப்பிள்ளையின் சகோதரி. பெயர் தோழன், தோழி. பொருள் மைத்துனன், நாத்தனார். அப்படியாயின், உண்மையான தோழி எங்கே நிற்கிறாள்?

தோட்டத்திலே தோழமை எவ்வாறு வளர்கிறது என்பதை நேயர்கள் அறிவர். தாய்மார் வேலைக்குச் சென்ற பின்னர், பிள்ளைக்காம்பராவில் இரு குழந்தைகள் அடுத்தடுத்த தொட்டில்களில் உறங்குகின்றன. ஒரே லயத்தில் ஒரு சுவருக்கு இப்பாலும் அப்பாலும் வளர்கின்றன. ஒரே பள்ளிக்கு ஒரே குடையில் நடக்கின்றன. பின்னர் ஒருத்தி கொழுந்து நிரையிலே நிற்கும்போது மற்றவள் அடுத்த நிரையிலே நிற்கிறாள். அல்லது இருவரும் விடியற்காலையில் றப்பர் மரத்துக்குப் பால் வெட்டச் செல்கின்றனர். ஒருத்திக்குக் காய்ச்சல் கண்டால், கஞ்சி வைத்துக் கொடுப்பவள் மற்றவள். இத்தகையவள், மணநாளில் மட்டும் கூட்டத்தில் ஒருத்தியாக நாற்காலியில் அமர்ந்து, உண்டு, மொய் எழுதிவிட்டுப் போக வேண்டியவளாகிறாள்.

இக்குறை இன்று தோன்றியது அன்று. செவிலித்தாயின் மகளே தோழி என்பது தொல்காப்பியம் வகுத்த இலக்கணம். அவள் தலைவிக்கு இரத்த உறவினள் அல்லள். ஆயினும் அகப்பாடல்களில் தலைவியின் துயரை முதலில் அறிபவள் அவளே. வீட்டாரிடம் உண்மையை எடுத்துரைத்து, திருமணத்துக்கு வழி செய்பவளும் அவளே. ஆனால் அகநானூற்றின் 86 ஆம் பாடலைப் பாருங்கள். பந்தலும், பரப்பிய மணலும், விளக்கும், விருந்தும் விளங்கும் ஒரு பழந்தமிழ்த் திருமணத்தை அது காட்டுகிறது. அங்கே மணமகளை நீராட்டி வாழ்த்துபவர்கள் மக்களைப் பெற்ற மகளிர் நால்வர். தோழிக்கு அச்சடங்கில் பங்கு கூறப்படவில்லை. தலைவன் அந்த மணநாளின் கதையைச் சொல்ல, அதைக் கேட்பவளாகவே தோழி அப்பாட்டில் அமைகிறாள். காதலுக்குத் துணை நின்றவள், கலியாணத்துக்குக் கேட்போளானாள்!

நாலு மகளிர் வாழ்த்துவது நல்ல வழக்கமே. ஆனால் அவ்வழக்கத்தின் நிழலிலே ஒருத்தி நிற்கிறாள். ஒரு மணப்பெண்ணை மனத்தில் நினைத்துப் பாருங்கள். அவளுடைய உயிர்த்தோழி இளவயதிலே கணவனை இழந்தவள். நலங்கு வைக்க மகளிரை அழைக்கும் போது, அத்தோழி தானாகவே எழுந்து சமையற்கட்டுப் பக்கம் போய்விடுகிறாள். யாரும் அவளைப் போகச் சொல்லவில்லை. யாரும் இருக்கச் சொல்லவும் இல்லை. மணப்பெண்ணின் கண்கள் கூட்டத்திலே அவளைத் தேடுகின்றன. மங்கல நாளில் மணப்பெண்ணின் மனத்திலே இப்படியோர் ஏக்கம் இருக்கலாமா?

இதற்கு மாற்றாக, மாதா கோவில் திருமணங்களிலும் நகரத்துப் புகைப்படங்களிலும் கண்ட முறையைச் சிலர் கைக்கொள்கின்றனர். ஒரே நிறச் சேலையும் ஒரே வகைப் பூங்கொத்துமாகத் தோழியர் வரிசையாக நிற்பர். அது அழகுதான்; குறை சொல்வதற்கில்லை. எனினும் நாட்கூலியில் வாழும் தோழிக்கு, ஒரு நாள் மட்டும் உடுத்தும் சேலை பெருஞ்சுமை. அன்றியும், வரிசைக்கு எண்ணிக்கையும் தோற்றமும் பார்க்கப்படும்போது, கைம்பெண் தோழியும், மூன்று பிள்ளைகளைப் பெற்று இளைத்த தோழியும் மறுபடியும் பின்னால் தள்ளப்படுவர். தோழமைக்கு வேண்டியது உடை அன்று, ஒரு பொறுப்பு.

பொறுப்புகளுக்குப் பஞ்சமில்லை. முதல்நாள் மாலையில் மணப்பெண்ணின் கைக்கு மருதாணி இடுதல், மாலை கட்டுதல், வாசலிலே கோலமிடுதல், வந்தோரை வரவேற்றல், பந்தியை மேற்பார்த்தல் ஆகியன எல்லாம் தோழியர் ஏற்கத் தக்கவை. மணமகனுடைய நண்பர் ஒருவரிடம் மொய்ப் புத்தகத்தை ஒப்படைப்பதும் சிறிய மதிப்பன்று. நம்பிக்கைக்கு உரியவரிடமே அது கொடுக்கப்படும். அயலிலுள்ள சிங்களக் கிராமங்களின் திருமணங்களில், வெள்ளுடை அணிந்த சிறுமியர் சேர்ந்து ஜயமங்கல காதா பாடி வாழ்த்துவதைச் சப்ரகமுவ மக்கள் பலர் கண்டிருப்பர். உறவு முறை பாராது வாழ்த்துவதற்கென்றே ஓர் இடம் அங்கே இருப்பது கவனிக்கத் தக்கது.

இவை எல்லாவற்றினும் உயர்ந்த இடம் ஒன்று உண்டு. அது விவாகப் பதிவேட்டிலே சாட்சியாகக் கையெழுத்திடும் இடம். 1907 ஆம் ஆண்டின் 19 ஆம் இலக்க விவாகப் பதிவுக் கட்டளைச் சட்டத்தின்படி நடைபெறும் பதிவுக்குச் சாட்சிகள் இருவர் வேண்டும். அந்தச் சாட்சி உறவினராக இருக்க வேண்டும் என்பதில்லை. இன்ன சாதி, இன்ன மதம் என்பதில்லை. சுமங்கலியா என்று கேட்பாரும் இல்லை. பால்வெட்டும் தோழியும் கையெழுத்திடலாம். அயற்கிராமத்துச் சிங்களத் தோழியும் கையெழுத்திடலாம். மணமகளின் பக்கத்தில் ஒரு தோழி, மணமகனின் பக்கத்தில் ஒரு நண்பன் என அமைத்தால், குறை தீர்ந்தது.

தோட்ட மக்களுக்கு இக்கையெழுத்தின் அருமை நன்கு தெரியும். 1948 ஆம் ஆண்டின் பிரஜாவுரிமைச் சட்டம் அவர்களுள் மிகப் பெரும்பாலோரை நாடற்றவராக்கியது. 1949 ஆம் ஆண்டின் இந்திய பாகிஸ்தானியர் பிரஜாவுரிமைச் சட்டம், விண்ணப்பிப்போர் இந்நாட்டில் தொடர்ந்து வாழ்ந்த காலத்தைக் கேட்டது: மணமானவருக்கு 7 ஆண்டு, மணமாகாதவருக்கு 10 ஆண்டு. மணமானவர் என்பதற்கும் மதிப்பு இருந்த அக்காலத்தில், ஒரு துண்டுக் காகிதம் குடும்பத்தின் விதியையே மாற்ற வல்லதாயிருந்தது. 1964 ஆம் ஆண்டு அக்டோபரில் கைச்சாத்தான சிறிமா-சாஸ்திரி ஒப்பந்தம் 5,25,000 பேரை இந்தியாவுக்கும், 3,00,000 பேரை இலங்கைக்கும் உரியவர் என்று பிரித்தது. ஒரே லயத்துத் தோழியர் இருவருள் ஒருத்தி தலைமன்னாரில் கப்பலேற, மற்றவள் இங்கே நின்றாள். எஞ்சியிருந்தோருக்கும் உரிமை வழங்கும் சட்டம் 2003 ஆம் ஆண்டிலேதான் நிறைவேறிற்று. காகிதம் பிரித்த தோழியரின் பேத்திமார், இன்று ஒரு காகிதத்திலே தோழமையைப் பதிந்து வைப்பது எத்துணைப் பொருத்தம்!

இம்மாற்றத்தை வீட்டில் எவ்வாறு தொடங்குவது? முதலாவது, எந்த உறவினரின் உரிமையையும் பறிக்க வேண்டாம். மாமன் சீரும் நாத்தனார் முடிச்சும் அவரவரிடமே இருக்கட்டும். இரண்டாவது, மணநாளன்று திடீரென அழைக்காமல், உறவினரை அழைப்பதுபோலவே வெற்றிலை பாக்குடன் தோழியின் வீடு சென்று, பெற்றோர் முன்னிலையில் கேட்க வேண்டும். முறையாக அழைத்தவளை முதியோர் பின்னர் மறுக்க மாட்டார். மூன்றாவது, ஒரு நாள் வேலையை விட்டு வருபவளுக்குச் சம்பளம் குறையும் என்பதை நினைந்து, செலவு எதையும் அவள் தலையில் ஏற்றலாகாது. கொழும்பிலோ மத்திய கிழக்கிலோ வேலை செய்து, விடுமுறை கிட்டாத தோழிக்கு, தாலி கட்டும் வேளையிலே தொலைபேசித் திரையில் மணப்பந்தலைக் காட்டும் பொறுப்பையும் ஒருவரிடம் ஒப்படைக்கலாம்.

மேளம் ஓய்ந்துவிடும், பந்தல் பிரிக்கப்படும், மாலை வாடிவிடும். பதிவேட்டிலே எழுதிய பெயர் வாடுவதில்லை. பல ஆண்டுகளுக்குப் பின்னர், மகளின் பள்ளி அனுமதிக்காகவோ வேறு தேவைக்காகவோ அந்தத் தாய் தன் விவாகப் பத்திரத்தை எடுக்கும்போது, அதிலே தன் பெயரோடு தோழியின் பெயரையும் காண்பாள். சமையற்கட்டுப் பக்கம் ஒதுங்கிப் போக இருந்தவள், அப்பத்திரம் உள்ளவரை அவளோடு இருப்பாள்.