நல்லுறக்கமும் நாட்டு மருந்தும்

பகலெல்லாம் உழைத்துக் களைத்தவனுக்கு இரவில் உறக்கம் வராமற்போவதைவிடப் பெரிய துன்பம் வேறு இல்லை எனலாம். பசித்தவன் அயலாரிடம் ஒரு பிடி சோறு கேட்டுப் பெறலாம். உறக்கம் இழந்தவனுக்கு அதனைக் கடனாகக் கொடுப்பார் எவரும் இலர். படுத்தும் புரண்டும், எழுந்தும் அமர்ந்தும், விடியலை எதிர்நோக்கிக் கிடப்பவர்கள் நம்மிடையே பலர். அவர்கள் தேடிச் செல்லும் இயற்கை மருந்துகளைப் பற்றியும், அவற்றைத் தேர்ந்தெடுக்க வேண்டிய முறையைப் பற்றியும் இன்று சிறிது ஆராய்வோம்.

மும்பை மாநகரில் வாழும் தமிழராகிய நமக்கு உறக்கத்தைக் கெடுக்கும் காரணங்கள் குறைவல்ல. தாராவியில் சிறியதோர் அறையில் ஐவரும் அறுவரும் ஒருங்கே படுத்துறங்குகின்றனர். ஒருவர் வேலைக்கு எழுந்தால் அனைவரும் எழுந்தவரே. மாதுங்காவில் இருப்புப்பாதையை ஒட்டிக் குடியிருப்போர், நள்ளிரவு கடந்து ஓடும் கடைசி மின்வண்டிக்கும் விடியுமுன் கிளம்பும் முதல் வண்டிக்கும் இடையிலேதான் அமைதியைக் காண்கின்றனர். செம்பூரை அடுத்த மாகுல், டிராம்பே வட்டாரத்து ஆலைகளில் பணியாற்றுவோர்க்கு ஒரு வாரம் பகல் வேலை, மறுவாரம் இரவு வேலை. இவற்றோடு கடற்கரை நகருக்கே உரிய புழுக்கமும் சேர்கின்றது.

இந்நிலையில் அண்டை அயலார் கூறும் அறிவுரை பெரும்பாலும் ஒன்றே: “ஆங்கில மருந்து வேண்டாம், இயற்கை மருந்தாக ஏதேனும் வாங்கிச் சாப்பிடுங்கள், அது ஒரு தீங்கும் செய்யாது.” இக்கூற்றின் முற்பகுதியில் ஓரளவு உண்மை உண்டு. உறக்க மாத்திரைகளை மருத்துவர் மேற்பார்வையின்றி நாள்தோறும் விழுங்குவது அடிமைத்தனத்தில் கொண்டுபோய் விடும். ஆயின், “ஒரு தீங்கும் செய்யாது” என்னும் பிற்பகுதியை நாம் ஆராயாமல் ஏற்றல் ஆகாது.

நாம் அறிந்த ஒரு குடும்பத்தில் நிகழ்ந்ததைக் கூறுவோம். தாராவியில் வாழும் திருநெல்வேலிப் பகுதி அம்மையார் ஒருவர், மூன்று மணிக்கு எழுந்து இட்டலி அவித்து விற்பனைக்கு அனுப்பும் தொழிலுடையவர். இரவு பத்து மணிக்குப் படுத்தால், கால்களில் எறும்பு ஊர்வது போன்ற ஓர் உணர்ச்சி. காலை நீட்டினாலும் மடக்கினாலும் நிலைகொள்ளாது. எழுந்து நடந்தால் சற்றுத் தணியும். படுத்தால் மீண்டும் தொடங்கும். அக்கறையுள்ள அயல்வீட்டார் ஒரு சூரணத்தை வாங்கிக் கொடுத்தனர். பின்னர் வேறொன்று. இவ்வாறு எட்டு மாதங்கள் கழிந்தன. அடுப்பருகே நிற்கையில் ஒருநாள் மயக்கம் வந்தது. கொதிக்கும் பாத்திரத்தின்மேல் விழாமல் மகள் தாங்கிக்கொண்டாள். அதன் பிறகே மருத்துவமனைக்குச் சென்றனர்.

அங்கிருந்த மருத்துவர் உறக்கத்தைப் பற்றிக் கேட்பதற்கு முன் கால்களைப் பற்றியே கேட்டார். பின் இரத்தத்தைச் சோதித்தார். உடலில் இரும்புச்சத்து மிகக் குறைந்திருந்தது. கால்கள் அமைதியின்றித் தவிக்கும் இந்நோய்க்கு இரும்புச்சத்துக் குறைவு ஒரு முக்கியக் காரணம் என்பது மருத்துவ நூலார் நன்கறிந்த செய்தி. இரும்பு மாத்திரை கொடுத்தார்; முருங்கைக்கீரையை உணவில் சேர்க்கச் சொன்னார்; தேநீரும் காப்பியும் உணவிலுள்ள இரும்பை உடல் ஏற்காதவாறு தடுப்பதால், அவற்றை உணவுடன் பருக வேண்டாம் என்றார். சில வாரங்களில் கால்கள் ஓய்ந்தன. உறக்கம் தானே வந்தது. அவர் உண்ட சூரணங்கள் நஞ்சல்ல. ஆயினும் அவை எட்டு மாதங்களைத் தின்றுவிட்டன. இன்ன மருந்து நல்லதா என்று கேட்குமுன், உறக்கத்தைக் கெடுப்பது எது என்று கேட்டிருக்க வேண்டும் என்பதே இந்நிகழ்ச்சி நமக்குக் கூறும் பாடம்.

இனி, நாட்டு மருந்துக் கடைகளில் உறக்கத்திற்கென்று விற்கப்படுவனவற்றைக் காண்போம்.

முதலாவது அமுக்கரா. இங்குள்ள கடைகளில் அசுவகந்தா என்றால்தான் தெரியும். இதன் தாவரவியற் பெயரிலேயே ‘உறக்கம் தருவது’ என்னும் பொருளுடைய இலத்தீன் சொல் அமைந்துள்ளது. அண்மைக் காலத்தில் செய்யப்பட்ட சிறு ஆய்வுகள் சில, இதனால் ஓரளவு நன்மை விளைவதாகக் காட்டுகின்றன. எனினும் இது தைராய்டுச் சுரப்பைக் கூட்டக்கூடும். அரிதாகச் சிலருக்கு ஈரலுக்குத் தீங்கு நேர்ந்ததும் உண்டு. கருவுற்ற பெண்கள் இதனைத் தவிர்த்தல் வேண்டும். டென்மார்க்கு நாடு 2023ஆம் ஆண்டில் இதன் விற்பனையைத் தடை செய்தது என்பதையும் அறிந்துகொள்வது நலம்.

இரண்டாவது ஜாதிக்காய். பாலில் ஒரு சிட்டிகை இழைத்துப் பருகுவது நம் பாட்டிமார் வழக்கம். சிட்டிகை சிட்டிகையாகவே இருக்கும்வரை தொல்லை இல்லை. ஆனால் ஏறத்தாழ ஒரு காயின் எடையாகிய 5 கிராம் அளவை எட்டினால், நெஞ்சுப் படபடப்பும் வாய் வறட்சியும் மனக்குழப்பமும் தோன்றக்கூடும். கைக்குழந்தை அழாமல் உறங்கவேண்டுமென்று உரைகல்லில் இதனை மிகுதியாக உரைத்துப் புகட்டுவது அறவே கூடாது.

மூன்றாவது கசகசா. இதில் ஒரு பெயர்க்குழப்பமும் உண்டு. இந்தி மொழியில் ‘கஸ்கஸ்’ என்றால் கசகசா. ‘கஸ்’ என்றால் நமது வெட்டிவேர். பெயரில் உள்ள சிறு வேற்றுமை பொருளில் பெரு வேற்றுமையாகின்றது. கசகசா அபினிச் செடியின் விதை. குழம்புக்கு அரைத்துச் சேர்ப்பதில் குற்றமில்லை. ஆனால் அதே செடியின் காய்த்தோடு போதைப்பொருள். 1985ஆம் ஆண்டுச் சட்டத்தின் கட்டுப்பாட்டுக்கு உட்பட்டது. உறக்கத்திற்கு நல்லதென்று அதனை யாரேனும் கொடுத்தால் வாங்கலாகாது. இவ்வாறே ‘பிராமி’ என்னும் பெயரால் இங்கு ஒரு கடைக்காரர் நமது வல்லாரையைத் தருவார். மற்றொருவர் நீர்ப்பிரமியைத் தருவார். இரண்டும் வெவ்வேறு செடிகள். மொழி வேறான ஊரில் வாழும் நாம் பெயரைச் சொல்லிப் பொட்டலத்தைப் பெறுவதோடு நில்லாமல், பொருளைக் கண்ணால் பார்த்து உறுதிசெய்துகொள்ள வேண்டும்.

நான்காவதான சர்ப்பகந்தியைப் பற்றிச் சற்று விரிவாகவே கூறுதல் வேண்டும். ஏனெனில் அதன் வரலாற்றில் ஒரு பகுதி நமது மும்பையிலேயே நிகழ்ந்தது. இதன் வேரை மனநோயாளரை அமைதிப்படுத்தவும் உறங்கச் செய்யவும் நம் நாட்டார் நெடுங்காலமாக வழங்கிவந்தனர். வடநாட்டுச் சந்தைகளில் ‘பித்தர் மருந்து’ என்னும் பொருள்படும் பெயராலேயே இது விற்கப்பட்டது. 1931ஆம் ஆண்டில் கல்கத்தா நகரின் மருத்துவர்களான கணநாத சென், கார்த்திக் சந்திர போஸ் ஆகிய இருவரும் இது மனநோய்க்கும் இரத்த அழுத்தத்திற்கும் உதவுவதைக் கட்டுரையாக எழுதினர்.

பின்னர், பரேலில் உள்ள கே. இ. எம். மருத்துவமனையுடன் தொடர்புடைய டாக்டர் ருஸ்தம் ஜால் வக்கீல் இவ்வேரை இரத்த அழுத்தம் மிக்க நோயாளர் 50 பேருக்குக் கொடுத்து, அதன் விளைவுகளை முறையாகக் குறித்துவைத்தார். அவரது கட்டுரை 1949ஆம் ஆண்டில் பிரிட்டிஷ் இருதய மருத்துவ இதழில் வெளிவந்தது. உலகம் இந்நாட்டு வேரைத் திரும்பிப் பார்த்தது. 1952ஆம் ஆண்டில் சுவிட்சர்லாந்தில் இவ்வேரிலிருந்து ரெசர்பின் என்னும் மருந்துப் பொருள் பிரித்தெடுக்கப்பட்டது. 1957ஆம் ஆண்டில் டாக்டர் வக்கீல் அமெரிக்க நாட்டின் லாஸ்கர் பரிசைப் பெற்றார்.

இது நாம் பெருமைகொள்ளத்தக்க செய்தி. ஆயின் இதன் மறுபக்கமும் உண்டு. ஒரு வேர் இரத்த அழுத்தத்தைக் குறைக்கும் ஆற்றலுடையதாயின், அளவு மீறினால் அதனை மிகவும் தாழ்த்திவிடும் ஆற்றலும் அதற்கு உண்டன்றோ? ரெசர்பின் உண்டோரிற் சிலருக்கு ஆழ்ந்த மனச்சோர்வு ஏற்பட்டதையும் மருத்துவர்கள் கண்டனர். இரத்த அழுத்தத்திற்கு ஏற்கெனவே மாத்திரை உண்பவர், உறக்கத்திற்கென்று இவ்வேர்ப் பொடியையும் உட்கொண்டால் விழுந்து எலும்பு முறியும் நிலைக்கும் ஆளாகலாம். மண்ணில் முளைத்தது என்பதனால் மட்டும் ஒரு பொருள் தீங்கற்றதாகிவிடாது. எட்டியும் இயற்கையில் முளைப்பதே.

மற்றொன்றும் கூறுதல் வேண்டும். 2004ஆம் ஆண்டில் அமெரிக்காவின் பாஸ்டன் நகரக் கடைகளில் வாங்கிய தென்னாசிய ஆயுர்வேத மருந்துகள் 70ஐச் சோதித்தபோது, 14இல் ஈயம், பாதரசம், ஆர்சனிக் ஆகியவற்றுள் ஒன்றோ பலவோ இருக்கக் கண்டனர். ஆகவே பெயரும், செய்தவர் முகவரியும், உரிம எண்ணும் இல்லாத பொட்டலத்தை எவர் கொடுத்தாலும் உண்ணலாகாது. நாட்டு மருத்துவமே வேண்டுமென்போர் ஒர்லியில் உள்ள போத்தார் ஆயுர்வேத மருத்துவமனை போன்ற இடங்களில் பயின்ற வைத்தியரைக் கண்டு, தாம் உண்டுவரும் பிற மருந்துகளையும் மறைக்காமல் கூறி, மருந்து பெறுதல் முறையாகும்.

அங்ஙனமாயின் அச்சமின்றிக் கைக்கொள்ளத்தக்க இயற்கை வழி யாதும் இல்லையோ எனின், உண்டு. அவற்றுட் சிறந்தவை கடையில் விற்கப்படுவன அல்ல.

சரகர் உறக்கமின்மைக்கு முதற்கண் கூறுபவை எண்ணெய் தேய்த்தல், நீராடல், பால், தயிர்ச்சோறு, மனத்திற்கினிய மணம், வசதியான படுக்கை என்பனவே. உறக்கம் தரும் பொருள்களுள் எருமைப்பாலையே தலையாயதாக அவர் வைத்துள்ளார். பசும்பால் கிடைக்கவில்லையே என்று குறைபட்டுக்கொள்ளும் நம்மவர், எருமைப்பால் மிக்க இம்மாநகரில் வாழ்வதை எண்ணி ஆறுதல் கொள்ளலாம். பால் மயக்க மருந்தன்று. வயிற்றை அமைதிப்படுத்தும் இதமான உணவு. அதற்கு அவ்வளவு பெருமையே போதும்.

நீராடலின் பயனை இக்கால ஆய்வும் ஒப்புக்கொள்கின்றது. படுப்பதற்கு ஒன்றிரண்டு மணி நேரத்திற்கு முன் வெதுவெதுப்பான நீரில் குளித்தால், தோலின் இரத்தக் குழாய்கள் விரிந்து, உடலின் உள்வெப்பம் வெளியேறித் தணிகின்றது. அத்தணிவே உறக்கத்தின் வாயில். பொதுக் குழாயில் குறித்த நேரத்தில் மட்டும் நீர் பெறுவோர் அரைவாளி வெந்நீரில் பத்து நிமிடம் கால்களை அமிழ்த்தினாலும் பயன் உண்டு.

அடுத்தது நமது காப்பி. மாதுங்காவில் மணக்க மணக்க அரைக்கும் காப்பித்தூளைக் குறை கூற நமக்கு மனம் வராது. எனினும் காப்பியில் உள்ள காபீன் பாதியளவு உடலைவிட்டு நீங்குவதற்கே ஏறத்தாழ ஐந்து மணி நேரம் ஆகும். மாலை ஆறு மணிக்குப் பருகிய காப்பியில் பாதி, இரவு பதினொரு மணிக்கும் நம் உடலில் விழித்திருக்கின்றது! நண்பகலோடு அதனை நிறுத்திப் பார்ப்பது செலவில்லாத சிகிச்சை. மதுவோ உறக்கத்தைத் தருவதுபோலத் தந்து, நள்ளிரவில் திரும்பப் பறித்துக்கொள்ளும்.

பகலுறக்கம் ஆகாதென்பது தேரையர் விதி. ஆயின் இரவெல்லாம் விழித்து ஆலையிற் பணிபுரிந்தவருக்குப் பகலுறக்கம் தகும் என்று சரகரே விலக்களித்துள்ளார். அத்தகையோர் வீடு திரும்பும்போது வெயில் கண்ணிற் படாமல் கறுப்புக் கண்ணாடி அணிவதும், சன்னலுக்குக் கெட்டித் துணி தொங்கவிடுவதும், காதில் பஞ்சு வைப்பதும் உதவும். வீட்டார் அந்நேரத்தில் வானொலியைத் தாழ்த்தி வைத்தல் வேண்டும். நமது பேச்சாயினும் அவ்வாறே செய்க.

இவையனைத்தினும் மேலான ஒரு முறை உண்டு. நாட்பட்ட உறக்கமின்மைக்கு மாத்திரைக்கு முன் பழக்கத்தைத் திருத்தும் சிகிச்சையே முதலில் தரப்படவேண்டும் என்று அமெரிக்க மருத்துவர் கல்லூரி 2016ஆம் ஆண்டில் அறிவுறுத்தியது. அச்சிகிச்சையின் விதிகளுள் முக்கியமானவை எளியவை: உறக்கம் வந்தாலன்றிப் படுக்கைக்குச் செல்லாதே, இருபது நிமிடம்போல உறக்கம் வரவில்லையெனில் எழுந்துவிடு, படுக்கையை உறக்கத்தைத் தவிர வேறெதற்கும் பயன்படுத்தாதே, எந்நேரம் உறங்கினாலும் குறித்த நேரத்தில் எழு.

தனிப் படுக்கையறை இல்லாதவர் இதனை எங்ஙனம் கைக்கொள்வது? நம்மிடம் பாய் இருக்கின்றதே! கட்டிலும் மெத்தையும் பகலெல்லாம் விரிந்து கிடக்கும். அமர்வதும் உண்பதும் கைப்பேசி பார்ப்பதும் அதன்மேலேயே. பாயோ உறக்கம் வரும்போது விரிந்து, எழும்போது சுருண்டுவிடும். பாயை விரித்தால் உறக்கம், சுருட்டினால் விழிப்பு என்று உடலைப் பழக்கிவிட்டால், சிறிய அறையும் உறங்கும் நேரத்தில் தனியறையே ஆகும்.

இவற்றையெல்லாம் செய்தும் வாரத்தில் மூன்று இரவுகள் வீதம் மூன்று மாதங்கள் உறக்கம் கெடுமாயின், அது நாட்பட்ட நோய் என்றே கொள்ளவேண்டும். உரக்கக் குறட்டைவிட்டு இடையில் மூச்சு நின்று திணறுபவர், கால்கள் ஊர்வதாக உணர்பவர், மனம் ஒடிந்து வாழ்வே வேண்டாமென்று எண்ணுபவர் ஆகியோர் மூன்று மாதங்கள் காத்திருத்தலும் ஆகாது. தாராவியை அடுத்த சயான் மருத்துவமனையும் பரேல் கே. இ. எம். மருத்துவமனையும் மாநகராட்சியார் நடத்துபவை. அங்கே சென்று வரிசையில் நிற்கும் ஒரு காலைப்பொழுது, வீணே கழியும் நூறு இரவுகளினும் மலிவானது.

முன்னே கூறிய அம்மையார் இன்றும் மூன்று மணிக்கே எழுகின்றார். தொழில் அவரை விடவில்லை. ஆயினும் அதற்குமுன் அவர் இடையறாது உறங்குகின்றார். மருந்து எதுவாயினும் ஆகுக, காரணத்தை முதலில் கேட்டறிந்து, அதன் பின்னரே மருந்தைத் தேடுவோம். நேயர்கள் அனைவர்க்கும் இன்றிரவு நல்லுறக்கம் வாய்ப்பதாக!