மண்ணிலே சேரும் முதல்
(சங்கக் கூட்டமொன்றில் நிகழ்த்திய உரை)



இன்று நாம் எடுத்துக்கொண்ட பொருள் எல்லோர் காலடியிலும் கிடப்பது. ஆகையினாலேயே எளிதிற் கவனியாது விடப்படுவது. வலிகாமத்துச் செம்மண்ணில் ஒரு பிடி அள்ளிப் பார்ப்போமாக. அதிற் பெரும்பகுதி மணலும் களியும் ஆகும். சிவப்பு நிறம் இரும்பினாலே வந்தது. இவையெல்லாம் கல்லிலிருந்து பிறந்தவை. நூறு பங்கில் ஒன்று அல்லது இரண்டு பங்கு மாத்திரமே ஒரு காலத்தில் இலையாய், வேராய், சாணியாய், புழுவாய் இருந்தது. இதனைப் பாடநூல்கள் சேதனப் பொருள் என்கின்றன. நம் தோட்டக்காரர் உக்கல் என்பர். இந்தச் சிறு பங்கே மற்றத் தொண்ணூற்றெட்டுப் பங்கையும் பயிர் விளையும் மண்ணாக்குகின்றது.

ஓர் இலை மண்ணில் விழுந்தால் என்ன நேர்கின்றது? மண்புழுவும் கறையானும் அதைத் துணுக்குகளாக்குகின்றன. பின் பங்கசுகளும் பற்றீரியாக்களும் அதனை உண்கின்றன. உண்ட காபனில் ஏறக்குறைய மூன்றில் இரண்டு பங்கு காபனீரொட்சைட்டு வாயுவாகி ஆகாயத்துக்கே திரும்பிவிடும். எஞ்சியது அந்த நுண்ணுயிர்களின் உடலாகி, அவை மடிந்தபின் களித் துணிக்கைகளிலே ஒட்டிக்கொள்ளுகின்றது. மண்ணிலே நெடுங்காலம் நிற்பது பெரும்பாலும் இவ்வாறு ஒட்டிய பகுதியே என்பது அண்மைக் கால ஆராய்ச்சியின் முடிவு. வெப்ப நாடாகிய நமது நாட்டில் இந்த உண்டு தீர்க்கும் வேலை வருடம் முழுவதும் நடைபெறுகின்றது. குளிர் நாடுகளிலோ அது மாரி காலத்தில் ஓய்ந்து கிடக்கும். ஆகவே அங்கே ஒருமுறை இட்டது பலகாலம் நிற்க, இங்கே ஆண்டுதோறும் இட்டாலன்றி நில்லாது. வள்ளுவர் எருவுக்கு ஏரினும் உயர்ந்த இடம் கொடுத்தமை பலரும் அறிந்ததே.

சேதனப் பொருள் செய்யும் தொண்டுகளில் முதலாவது, மண் துணிக்கைகளைச் சிறு சிறு கட்டிகளாகப் பிணைத்தல். கட்டிகளுக்கிடையே உள்ள இடைவெளி வழியாகவே மழை நீர் கீழே இறங்கும். வேரும் காற்றும் உட்செல்லும். பிணைப்பற்ற மண்ணில் மழைத்துளி மோதியதும் துணிக்கைகள் சிதறி, மேற்பரப்பு சாந்து பூசியதுபோல இறுகிவிடும். அதன்மேல் விழும் நீர் ஓடித்தான் போகவேண்டும். உக்கல் கடற்பஞ்சு போல நீரை உறிஞ்சி வைக்கும் என்று சிலர் மிகைபடப் பேசுவதுண்டு. அளந்து பார்த்தவர்கள் அவ்வளவு சொல்லவில்லை. பயிருக்குப் பயன்படும் நீரின் அளவு இதனாற் கூடுவது சிறிதளவே. அதுவும் தென்மராட்சி, வடமராட்சி மணற்றரைகளிலே அதிகமாகவும் களி நிலத்திலே குறைவாகவும் கூடும். நீரை உள்ளே இறங்க விடுவதே பெரிய நன்மை.

இந்த இடத்தில் நம் ஊர்க் கிணறுகளைப் பற்றிச் சொல்லாமல் அப்பாற் செல்ல முடியாது. யாழ்ப்பாணக் குடாநாட்டிலே வற்றாத ஆறு ஒன்றேனும் இல்லை. வழுக்கியாறு மாரியில் ஓடிக் கோடையில் மறைந்துவிடும். ஐப்பசி, கார்த்திகை, மார்கழியில் பெய்யும் மழை மண்ணினூடாகச் சுண்ணாம்புக்கல்லின் வெடிப்புகளுக்குள் இறங்கி, கீழேயுள்ள உவர் நீரின்மேல் நன்னீர்ப் படையாக மிதக்கின்றது. நிலாவரைக் கிணற்றில் மேலே நன்னீரும் ஆழத்தில் உவர் நீரும் இருப்பது இதற்குக் கண்கண்ட சான்று. எனவே நமது நீரேந்து பரப்பு எங்கோ மலையில் இல்லை. நம் வளவும் தோட்டத் தறையுமே அது. மண்ணுக்குள் எதை இடுகின்றோமோ அதையே பின்னர் வாளியில் மொண்டு குடிக்கின்றோம்.

நம் முன்னோர் புகையிலைக்கும் மிளகாய்க்கும் ஆட்டெரு, மாட்டெரு இட்டனர். தறையிலே பட்டி அடைத்தனர். பனையோலையும் குழையும் தாழ்த்தனர். அந்தக் குழை எங்கிருந்து வந்தது? பூவரசு, கிளுவை, முள்முருக்கு, சீமைக்கிளுவை என்று கதியால் நட்ட வேலியிலிருந்து வந்தது. வேலி எல்லையாகவும், மாட்டுக்குத் தீனியாகவும், தோட்டத்துக்குப் பசளையாகவும் நின்றது. இன்றோ கதியால் வேலி மதிலாகிக்கொண்டு வருகின்றது. மதிலிலே ஒரு கூடை குழை வெட்ட முடியுமா? மாடும் பட்டியும் குறைந்தன. அந்த இடத்தை யூரியாப் பை பிடித்தது.

யூரியாவைப் பழிப்பது நம் நோக்கமன்று. பயிருக்கு வேண்டிய நைதரசனை அது விரைவாகக் கொடுக்கின்றது. ஆனால், மண்ணில் நைத்திரேற்றாக மாறிய நைதரசனைக் களியும் பிடித்து வைப்பதில்லை; உக்கலும் பிடித்து வைப்பதில்லை. பயிர் எடுத்தது போக மிஞ்சியது பாய்ச்சும் நீரோடும் மழையோடும் கிணற்றுக்கே இறங்கும். செறிவாகப் பயிர் செய்யப்படும் இடங்களில் பல கிணறுகளின் நைத்திரேற்று அளவு, உலக சுகாதார நிறுவனம் விதித்த லீற்றருக்கு 50 மில்லிகிராம் என்னும் எல்லையைத் தாண்டியிருப்பதை 1980களில் தொடங்கிய ஆய்வுகள் காட்டியுள்ளன. அந்நீரிற் கரைத்த பால்மா கைக்குழந்தைகளின் இரத்தம் பிராணவாயுவைச் சுமக்கும் ஆற்றலைக் கெடுக்கவல்லது. காய்ச்சினாலும் நைத்திரேற்று போகாது. மலக்குழிகளும் இதற்கு ஒரு காரணம். சாணியை அளவின்றிக் கிணற்றடியிற் குவித்தாலும் இதே தீங்குண்டு. சேதனப் பசளை என்ற பெயர் மாத்திரம் கிணற்றைக் காவாது. நைதரசனைத் தன்னுள்ளே கட்டி வைத்து, பயிர் கேட்கக் கேட்க மெல்ல மெல்ல விடுவதே அதன் சிறப்பு.

மெல்ல விடுகின்றது என்ற இதே குணத்தை மறந்ததனால் நாடு பட்ட பாட்டை இளைஞர்கள் அறிவார்கள். 2021ஆம் ஆண்டு மே மாதத்தில் இரசாயனப் பசளை இறக்குமதி திடீரெனத் தடைசெய்யப்பட்டது. நவம்பரிலே தடை நீக்கப்பட்டது. இடையில் கமக்காரர் இழந்த விளைச்சல் பெரிது. அரிசியை வெளியிலிருந்து வாங்க நேர்ந்தது. கணக்கைப் பார்த்தால் காரணம் விளங்கும். 50 கிலோ யூரியாவில் 23 கிலோ நைதரசன் உண்டு. உலர்ந்த நல்ல கூட்டெருவில் நூற்றுக்கு ஒரு பங்கு நைதரசன் என்று கொண்டால், அதே அளவைப் பெற 2300 கிலோ கூட்டெரு வேண்டும். அதிலும் முதற் போகத்திற் பயிருக்குக் கிடைப்பது ஒரு சிறு பகுதியே. அவ்வளவு எரு நாட்டில் இருக்கவில்லை. குறிக்கோள் நல்லதென்பார் பலர். குறிக்கோள் எதுவாயினும், ஒரு கட்டளையால் ஒரே போகத்தில் மண்ணைத் திருத்த முடியாது என்பதே நம் கருத்து.

இதற்கு மிகப் பழைய சான்று இங்கிலாந்தில் உள்ளது. றொதம்ஸ்ரெட் பண்ணையில் 1843இல் தொடங்கிய கோதுமைப் பரிசோதனை இன்றும் நடைபெறுகின்றது. அங்கே ஒரு துண்டு நிலத்துக்கு ஆண்டுதோறும் எக்ரேயருக்கு 35 தொன் தொழுவெரு இட்டு வந்தனர். அம்மண்ணின் காபன் எருவிடாத துண்டில் உள்ளதைப்போல் இரண்டரை மடங்களவுக்கு உயர்ந்தது. ஆனால் அதற்குப் பல பத்தாண்டுகள் சென்றன. அதே பண்ணையின் பார்லி வயலிலே ஒரு துண்டுக்கு 1852 முதல் 1871 வரை மாத்திரம் எருவிட்டு நிறுத்திவிட்டனர். நூறாண்டுக்கு மேற் கழிந்தும், ஒருபோதும் எருவிடாத துண்டைக் காட்டிலும் அதில் சேதனப் பொருள் கூடுதலாகவே இருந்தது. பாட்டன் இட்டது பேரனுக்கும் பின் வந்தவர்க்கும் நின்றது.

மலைநாட்டின் கதை வேறு. அங்கே இழப்பு நீரோடு ஓடுகின்றது. பத்தொன்பதாம் நூற்றாண்டில் கோப்பிக்காகக் காடு வெட்டப்பட்டது. 1869இல் கோப்பி இலையில் துருநோய் கண்டபின் தேயிலை வந்தது. காடு நூற்றாண்டுகளாகச் சேர்த்த உக்கல் மண் சரிவுகளிலிருந்து கழுவப்பட்டுப் போயிற்று. 1951இல் மண் பாதுகாப்புச் சட்டம் இயற்றப்பட்டும் அரிப்பு நின்றபாடில்லை. சரிவிலே மரக்கறியும் உருளைக்கிழங்கும் பயிரிடும் இடங்களிலிருந்து வரும் மண், மகாவலி நீர்த்தேக்கங்களின் அடியில் வண்டலாய்ப் படிகின்றது. மேட்டில் பயிருக்கு உணவாய் இருந்தது கீழே நீருக்குத் தடையாகின்றது.

இனி நம் கையால் ஆகும் காரியத்துக்கு வருவோம். ஒரு பரப்புத் தறையின் மேல் அரையடி மண் ஏறக்குறைய 55 தொன் நிறையுள்ளது. அதிலே சேதனப் பொருளை நூற்றுக்கு ஒரு பங்கு கூட்ட 550 கிலோ நிலைத்து நிற்கவேண்டும். உக்கும்போது போவதையும், பச்சை இலையில் முக்காற் பங்கு நீரே என்பதையும் சேர்த்துக் கணக்கிட்டால் 6 தொன்னுக்கு மேல் குழை வேண்டும். ஒரு வருடத்து வேலையல்ல. பத்து வருடத்து வேலை. ஆனால் வளவிலே கூட்டிய சருகை மாலை நேரத்திற் குவித்துத் தீ மூட்டும் வழக்கம் ஊரெங்கும் உண்டு. எரியும் சருகோடு காபனும் நைதரசனும் புகையாய்ப் போகின்றன. சாம்பல் மாத்திரம் எஞ்சுகின்றது. ஒழுங்கைக்கு ஒரு குழி வெட்ட நம் இளைஞர்களால் இயலாதா?

1924 முதல் 1931 வரை இந்தூரிலே பணியாற்றிய அல்பேட் ஹவாட் என்னும் ஆங்கிலேய அறிஞர், அந்நாட்டு உழவரிடம் கற்றதையும் சேர்த்து ஒரு கூட்டெரு முறையை வகுத்தார். அதன் சாரம் எளிது. சருகு, வைக்கோல் போன்ற உலர்ந்தவற்றை ஒரு படையாகவும், குழை, சாணி போன்றவற்றை அடுத்த படையாகவும் இட்டு, சிறிது மண்ணும் சாம்பலும் தூவி, ஈரம் காயாது காத்து, இடையிடையே புரட்டிவிட வேண்டும். மூன்று மாதமளவில் எரு ஆயத்தமாகும். வைக்கோலை மாத்திரம் தனியே புதைத்தால், அதை உண்ணும் நுண்ணுயிர்கள் மண்ணின் நைதரசனையும் இழுத்துக்கொள்ளும், பயிர் மஞ்சளிக்கும். சீமைக்கிளுவைக் குழையைக் கலந்தால் இக்குறை தீரும். ஆகவே குழி வெட்டும் நாளிலேயே வேலியோரத்தில் கதியாலும் நாட்டிவிடலாம். குழி கிணற்றுக்கு எட்டவும் மேட்டிலும் இருக்கட்டும். ஐப்பசி மழைக்குமுன் கிடுகினால் மூடிவிட வேண்டும். இல்லையேல் எருவின் சாரம் கரைந்து கிணற்றுக்குள்ளேயே இறங்கிவிடும்.