மறுமுறை காணும் படங்கள்



“கதைதான் தெரிந்துவிட்டதே, பார்த்த படத்தை மறுபடியும் பார்ப்பானேன்?” என்று கேட்பவர்கள் உண்டு. கேள்வி நியாயமாகத்தான் தோன்றும். ஆயினும், முடிவு தெரியாதிருப்பதே கலையின் சுவை என்று நம் முன்னோர் ஒருநாளும் கருதியதில்லை. தெருக்கூத்தில் கர்ணன் மாளப்போகிறான் என்பது ஊருக்கே தெரியும். முன்வரிசையில் மணல்மேல் அமர்ந்து கண்ணைக் கசக்கிக்கொண்டிருக்கும் சிறுவனுக்கும் தெரியும். தெரிந்திருந்தும் விடியும்வரை ஒருவரும் எழுந்து போவதில்லை. என்ன நடக்கப்போகிறது என்னும் ஆவலை விட, எப்படி நடக்கிறது என்னும் கவனமே அவர்களை அங்கே இருத்தி வைக்கிறது. இந்தக் கவனத்துக்கு இரை போடும் திரைப்படங்கள் சில உண்டு. அவற்றைப் பற்றியே இன்று பேச எண்ணுகிறேன்.

தமக்குப் பிடித்த நடிகருக்காக ஒரே படத்தை இருபது முறை, முப்பது முறை பார்த்தவர்கள் நம்மிடையே பலர். அவர்களைக் குறைகூற நான் வரவில்லை. பழகிய பாட்டைத் திரும்பக் கேட்பது போன்ற இன்பம் அது. முதல் முறை கிடைத்ததே முப்பதாம் முறையும் கிடைக்க வேண்டும் என்று விரும்பித்தான் அவர்கள் கொட்டகைக்குப் போகிறார்கள். நான் சொல்லவந்த படங்களோ வேறு வகை. முதல் முறை பார்த்தபோது இருந்த படமாகவே அவை இரண்டாம் முறை இருப்பதில்லை. படச்சுருளில் ஓர் அணுவும் மாறவில்லை. மாறியது நாம் அறிந்திருக்கும் செய்தி ஒன்றே. அந்த ஒன்று மாறியதால் ஒவ்வொரு காட்சியின் பொருளும் மாறிவிடுகிறது.

அகிரா குரோசவா 1950-ஆம் ஆண்டில் எடுத்த ‘ரஷோமோன்’ என்னும் ஜப்பானியப் படத்தை உங்களில் பலர் கேள்விப்பட்டிருப்பீர்கள். மறு ஆண்டில் வெனிஸ் திரைப்பட விழாவிலே முதற்பரிசு பெற்ற படம் அது. காட்டிலே ஒரு வீரன் இறந்து கிடக்கிறான். கொள்ளைக்காரன் ஒரு கதை சொல்கிறான். வீரனின் மனைவி மற்றொன்று சொல்கிறாள். இறந்தவனின் ஆவியே வந்து மூன்றாவதாக ஒன்று சொல்கிறது. யார் சொல்வது மெய் என்னும் கேள்வியிலேயே முதல் முறை பார்ப்பவரின் மனம் முழுதும் ஈடுபட்டுவிடும். பிணத்தை முதலில் கண்ட விறகுவெட்டி ஒருவன் இருக்கிறானே, அவனை யாரும் பொருட்படுத்துவதில்லை. சாட்சி சொல்ல வந்த எளிய மனிதன் என்று விட்டுவிடுகிறோம்.

படத்தின் இறுதியில், முத்துப் பதித்த குத்துவாள் ஒன்றை அவன் திருடிவிட்டான் என்பது புலனாகிறது. இதை அறிந்துகொண்டு மீண்டும் படத்தைப் பாருங்கள். காட்டில் கண்ட பொருள்களை நீதிமன்றத்தில் அவன் அடுக்கிச் சொல்கிறான்: பெண்ணின் தொப்பி, வீரனின் தலையணி, அறுந்த கயிறு. குத்துவாளைப் பற்றி ஒரு சொல் இல்லை. மற்றோரிடத்தில், குத்துவாளால் தன்னை மாய்த்துக்கொண்டதாக ஆவி கூறியதைச் சொல்லும்போது, “பொய்! அங்கே குத்துவாளே இல்லை” என்று அவன் படபடக்கிறான். முதல் முறை அது உண்மையின் மேலுள்ள பற்றாகத் தோன்றிற்று. இப்போது அதில் திருடனின் அச்சம் கேட்கிறது. காட்டு வழியே கோடரியைத் தோளில் வைத்துக்கொண்டு அவன் நடந்து செல்லும் அந்த நீண்ட காட்சி, இலைகளின் இடுக்கில் வெயில் கண்ணைக் குத்தும் காட்சி, முதலில் வெறும் அழகாக இருந்தது. இப்போது, “இவன் போகும்போது எப்படிப் போனான், திரும்பும்போது எப்படித் திரும்பினான்?” என்று கேட்கத் தோன்றுகிறது.

இதே பாதையில் நம் மொழியிலும் ஒரு படம் வந்தது. 1954-இல் ஏ.வி.எம். நிறுவனத்தார் வெளியிட்ட ‘அந்த நாள்’. இயக்கியவர் வீணை வித்துவானாகிய எஸ். பாலசந்தர். இசையிலே தோய்ந்த ஒருவர், பாட்டே இல்லாத படத்தைத் தமிழிலே எடுத்தார் என்பது வியப்பாக இருக்கிறதல்லவா? 1943-இல் சென்னைமீது ஜப்பானியர் குண்டு வீசிய நாட்களை ஒட்டி நடக்கும் கதை. வானொலிப் பொறியாளன் ராஜன் சுட்டுக் கொல்லப்படுகிறான். சிவாஜி கணேசன் ஏற்ற வேடம் அது. கதாநாயகன் தொடக்கத்திலேயே பிணமாக விழுவதைக் கண்ட அக்காலத்துச் சபையினர் திகைத்துப் போனதில் வியப்பில்லை. வெளியான காலத்தில் படம் பெருவசூல் தரவில்லை. ஜாவர் சீதாராமன் திரைக்கதையும் எழுதித் துப்பறியும் அதிகாரியாகவும் நடித்திருக்கிறார். அவர் முன்னிலையில் வீட்டாரும் அயலாரும் ஒவ்வொருவராகத் தம் கதையைச் சொல்லி, மற்றவர்மேல் ஐயத்தைச் சாய்க்கிறார்கள்.

கொலை செய்தவர் யார் என்பதை நான் சொல்லமாட்டேன். இன்னும் பார்க்காதவர்கள் உங்களில் இருக்கக்கூடும். ஆனால் ஒன்று சொல்வேன். ‘ரஷோமோன்’ போன்றதே ‘அந்த நாள்’ என்று கூறுவது முழுதும் சரியன்று. அங்கே ஒரே நிகழ்ச்சிக்குப் பல கதைகள். உண்மை எது என்பது இறுதிவரை திறந்தே கிடக்கிறது. இங்கேயோ பூட்டுக்கு ஒரே சாவி. அது இறுதியில் நம் கைக்கு வந்துவிடுகிறது. சாவி கிடைத்தபின் பூட்டை யார் சீந்துவார்கள்? துப்பறியும் படங்களில் பெரும்பாலானவை ஒரு முறைக்குமேல் தாங்காததற்குக் காரணம் இதுதான். ‘அந்த நாள்’ தாங்குகிறது. ஏனென்றால், அதில் கொலையாளி யார் என்பதைக் காட்டிலும், அவர் ஏன் அப்படிச் செய்ய நேர்ந்தது என்பது பெரிய செய்தி. அதை அறிந்தபின் மறுபடி பார்க்கும்போது, அதிகாரியின் கேள்விக்கு விடை சொல்லும் அந்த முகத்திலே, துயரத்துக்கும் குற்றத்துக்கும் நடுவே ஒரு மெல்லிய கோடு ஓடுவதைக் காணலாம். முதல் முறை அந்தக் கோடு நம் கண்ணுக்குப் புலப்படுவதில்லை.

இவ்விரண்டும் புதிர் வகைப் படங்கள். புதிரே இல்லாத படம் ஒன்று மறுமுறை காணத்தக்கதாக இருக்க முடியுமா? முடியும் என்பதற்கு நான் காட்டும் சான்று, சத்தியஜித் ராய் 1955-இல் வெளியிட்ட ‘பதேர் பாஞ்சாலி’. விபூதிபூஷண் பந்தோபாத்தியாயரின் வங்க நாவலைத் தழுவியது. இதில் கதை என்று சொல்ல என்ன இருக்கிறது? வங்கத்துச் சிற்றூரில் ஓர் ஏழை அந்தணக் குடும்பம். தந்தை ஹரிஹர், தாய் சர்வஜயா, மகள் துர்க்கா, மகன் அப்பு, ஒண்டிக்கொண்டிருக்கும் கிழவி இந்திரா. கிழவி இறக்கிறாள்; மகள் இறக்கிறாள்; எஞ்சியவர்கள் காசிக்குப் புறப்படுகிறார்கள். மூன்று வரியிலே முடிந்துவிட்டது.

ஆனால் ஒரு மணிமாலை இருக்கிறது. பணக்கார அயல்வீட்டம்மாள் ஆர்ப்பாட்டமாக வந்து, தன் மகளின் மணிமாலையைத் துர்க்கா திருடிவிட்டாள் என்கிறாள். விளையாட்டுச் சாமான் பெட்டியைக் கொட்டித் தேடுகிறார்கள்; மாலை அகப்படவில்லை. “நான் எடுக்கவில்லை” என்கிறாள் துர்க்கா. வந்தவள் வாயில் வந்தபடி பேசிவிட்டுப் போகிறாள். அவமானம் பொறுக்காத தாய், மகளின் கூந்தலைப் பற்றி இழுத்து அடித்து வெளியே தள்ளிக் கதவைச் சாத்துகிறாள். முதல் முறை பார்க்கும் நமக்குச் சினம் முழுதும் அந்த அயல்வீட்டம்மாள்மேல் எழுகிறது. பாவம், குற்றமற்ற பெண்ணை இப்படி வதைக்கிறார்களே என்று கண் கலங்குகிறோம்.

நெடுநேரம் கழித்து, துர்க்கா மழையில் நனைந்து காய்ச்சல் கண்டு இறந்த பின்னர், வீட்டைக் காலி செய்யும்போது, உயரத்தில் இருந்த கொட்டாங்கச்சி ஒன்றை அப்பு எடுக்கிறான். அதற்குள்ளே மணிமாலை. ஒருவரிடமும் சொல்லாமல் குளக்கரைக்கு ஓடி அதை வீசி எறிகிறான். பாசி விலகுகிறது, நீர் தெரிகிறது, பாசி மெல்ல மெல்ல வந்து மூடிக்கொள்கிறது.

இரண்டாம் முறை பார்க்கிறோம். அயல்வீட்டம்மாள் வருகிறாள். அவள் சொல்வது உண்மை என்று இப்போது நமக்குத் தெரியும். நம் சினத்தை எங்கே கொண்டுபோய் வைப்பது? அவள் கூறிய செய்தி மெய். அவள் நடந்துகொண்ட முறை கொடுமை. இரண்டும் ஒரே ஆளிடம் இருக்கின்றன. துர்க்கா பொய் சொல்கிறாள். ஆயினும் அவள்மேல் நமக்கிருந்த பரிவு ஒரு துளியும் குறையவில்லை, கூடவே செய்கிறது. ஆசைப்பட்ட ஒரு பொருளை எடுத்துவிட்டு, அணியவும் முடியாமல், திருப்பித் தரவும் முடியாமல், கொட்டாங்கச்சியில் மறைத்துவைத்த அந்தச் சிறுமியின் தனிமையை முதல் முறை நாம் அறியவே இல்லை. அந்த அயலார் கைக்குப் போன பழத்தோட்டம் முன்பு ஹரிஹரின் குடும்பத்துக்கு உரியதாக இருந்தது என்பதையும், அங்கே துர்க்கா பறித்த பழம் கிழவியின் பானைக்குள் போய்ச் சேர்ந்தது என்பதையும் இதனோடு சேர்த்துப் பாருங்கள். திருட்டு என்னும் சொல்லை அவ்வளவு எளிதாக உச்சரிக்க முடியாமற் போகும். நீதி நூல்கள் பலவற்றைப் படித்தும் எனக்கு விளங்காத ஒன்று இந்தக் காட்சியில் விளங்கிற்று என்று சொன்னால் அது மிகையன்று.

ஹரிஹர் திரும்பி வரும் காட்சியும் அப்படித்தான். மகள் இறந்தது தெரியாமல், தான் வாங்கி வந்த பொருள்களை ஒவ்வொன்றாக எடுத்துக் காட்டுகிறான். அடுத்து வரப்போவது துர்க்காவுக்கான சேலை என்பது இரண்டாம் முறை பார்க்கும் நமக்குத் தெரியும். அவன் மூட்டையில் கை வைக்கும்போதே நம் நெஞ்சு அடைத்துக்கொள்கிறது. சர்வஜயா கதறுகிறாள், ஆனால் அவள் குரல் நமக்குக் கேட்பதில்லை. அதற்குப் பதிலாகத் தார்ஷெனாய் என்னும் நரம்புக் கருவியின் உச்சத் தொனி ஒலிக்கிறது. இசையமைத்தவர் பண்டித ரவிசங்கர். வாய் திறந்திருக்கிறது, குரல் இல்லை, கருவி அழுகிறது என்பதையே பலர் முதல் முறை கவனிப்பதில்லை. அழுகை கேட்டதாகவே நினைவில் வைத்துக்கொண்டிருப்பார்கள்.

வானொலியில் பேசுகிறவன் ஆகையால் ஒலியைப் பற்றி இன்னும் ஒரு சொல். இந்தப் படத்தில் புகைவண்டி கண்ணுக்குத் தெரிவதற்கு முன்பே காதுக்கு வந்துவிடுகிறது. இரவிலே, விளக்கொளியில், தொலைவில் அதன் ஊதல் கேட்கிறது. பின்னர் ஒருநாள் அக்காளும் தம்பியும் நாணற்பூ வெண்மையாய் அலையடிக்கும் வெளியைக் கடந்து அதைப் பார்க்க ஓடுகிறார்கள். 1952-ஆம் ஆண்டு அக்டோபரில் இந்த நாணல் வெளியில்தான் படப்பிடிப்பே தொடங்கிற்று. மறுவாரம் சென்று பார்த்தால் கால்நடைகள் பூவை மேய்ந்துவிட்டிருந்தன! அடுத்த பருவத்தில் நாணல் மறுபடி பூக்கும்வரை அந்தக் காட்சி காத்திருக்க நேர்ந்தது.

மறுமுறை பார்ப்பது முன்காலத்தில் அரிதான செயல். படம் ஊரைவிட்டுப் போய்விட்டால் என்றைக்குத் திரும்புமோ தெரியாது. இன்றோ உங்கள் உள்ளங்கையிலுள்ள கைபேசியிலேயே பார்க்கலாம். ஆயினும் அதில் ஓர் இடர் உண்டு. நினைத்தபோது நிறுத்தலாம், வேண்டாததைத் தாண்டலாம் என்னும் வசதி வந்ததிலிருந்து, நாம் தாண்டுவன பெரும்பாலும் யாரும் பேசாத இடங்களே. பாசி வந்து மூடிக்கொள்ளும் அந்தச் சில நொடிகளைத் தாண்டிவிட்டவனுக்கு மணிமாலைக் கதை பாதிதான் கிடைக்கும். ஆகையால் இரண்டாம் முறை பார்க்கும்போது ஒரு வழக்கத்தைக் கைக்கொள்ளுங்கள் என்பேன்: பேசுகிறவரை விட்டுவிட்டுக் கேட்டுக்கொண்டிருப்பவரைப் பாருங்கள். விறகுவெட்டியும் துர்க்காவும் உங்களுக்கு அகப்படுவது அப்போதுதான்.

‘பதேர் பாஞ்சாலி’யை இனி நல்ல வடிவில் பார்க்கவே முடியாதோ என்னும் கவலை ஒரு காலத்தில் இருந்தது. 1993-இல் லண்டனிலுள்ள ஒரு படப்பதிவுக்கூடத்தில் நேர்ந்த தீவிபத்தில் அதன் மூலச் சுருள்கள் கருகிப்போயின. எரிந்தவற்றை எறிந்துவிடாமல் பாதுகாத்து வைத்திருந்தார்கள். இத்தாலியின் போலோஞா நகரத்து வல்லுநர்கள் அவற்றில் தேறிய பகுதிகளைப் பல மாதங்கள் கையாலேயே சீர்படுத்தினார்கள். தேறாத இடங்களை வேறு படிகளிலிருந்து எடுத்து நிரப்பினார்கள். 2015-ஆம் ஆண்டில் படம் மீண்டும் திரைக்கு வந்தது. பழைய, மங்கிய படியில் பார்த்தபோது எனக்குக் கருந்திட்டாக மட்டுமே தெரிந்த அந்தக் குளத்து நீரில், இப்போது பாசியின் ஒவ்வோர் இலையும் தனித்தனியே நகர்ந்து வருவது தெரிகிறது.