கார் நிக்கோபார் தந்த சைக்கிள் வீரர்



ஜெர்மனி நாட்டில் பிராங்பர்ட் என்னும் பெயருடைய நகரங்கள் இரண்டு உள. பெரிய வங்கிகளும் வானூர்தி நிலையமும் உடைய பிராங்பர்ட்டை யாவரும் அறிவர். போலந்து எல்லையில், ஓடர் ஆற்றங்கரையில் அமைந்த சிறிய பிராங்பர்ட்டை அறிந்தோர் மிகச் சிலரே. அச்சிறு நகரில், 2019-ஆம் ஆண்டு ஆகஸ்டுத் திங்களில், இந்திய இளைஞர் மூவர் ஒரு குழுவாகச் சைக்கிள் ஓட்டி, இளையோருக்கான உலகப் போட்டியில் தங்கப் பதக்கம் பெற்றனர். மூவருள் ரோஜித் சிங், ரொனால்டோ சிங் இருவரும் மணிப்பூரினர். மூன்றாமவர் எசோ ஆல்பன், கார் நிக்கோபார் தீவினர்.

கார் நிக்கோபார் எங்கே உள்ளது என்று நேயர்கள் வினவலாம். போர்ட் பிளேர் நகரத்திலிருந்து (2024 முதல் அதன் பெயர் ஸ்ரீ விஜயபுரம்) தெற்கு நோக்கிக் கப்பலில் சென்று, பத்துப் பாகைக் கால்வாய் எனப்படும் அகன்ற கடலிடுக்கைக் கடந்தால், நிக்கோபார்த் தீவுகளுள் முதலாவதாக எதிர்ப்படுவது அது. பரப்பு ஏறத்தாழ 127 சதுர கிலோமீட்டர். மலையில்லாத சமதரை, எங்கு நோக்கினும் தென்னை. வெளியார் அங்கே செல்ல அனுமதிச் சீட்டு வேண்டும். நம்மவருக்கு அதனினும் தெற்கேயுள்ள கச்சால் தீவு சற்றுப் பழக்கமான பெயராக இருக்கலாம். இலங்கையிலிருந்து திரும்பிய தமிழ்க் குடும்பங்கள் சில அங்குள்ள ரப்பர்த் தோட்டத்தில் குடியேற்றப்பட்டன அல்லவா?

நிக்கோபார் மக்கள் விளையாட்டில் மிக்க ஆர்வம் உடையவர்கள். 'ஹோடி' எனப்படும் பக்கக் கட்டை பூட்டிய தோணியில் ஊருக்கு ஊர் போட்டியிடுவது அவர்களின் பழைய வழக்கம். கால்பந்தின்மீது உள்ள பற்றைச் சொல்ல வேண்டுவதில்லை. 2003-இல் அங்குப் பிறந்த குழந்தை ஒன்றுக்கு ஆங்கிலேய ஆட்டக்காரர் டேவிட் பெக்காமின் பெயரையே சூட்டிவிட்டனர்! அவரும் முதலில் பந்தாடி, பின்னர்ச் சைக்கிளுக்கு மாறியவரே. எசோவோ துடுப்புப் படகில் தொடங்கியவர்.

இவர்களுக்கு வழி திறந்தவர் ஒரு பெண். 2004-ஆம் ஆண்டு டிசம்பர் 26-ஆம் நாள் ஆழிப்பேரலை அத்தீவைப் புரட்டியபோது, டெபோரா ஹெரால்டு ஒன்பது வயதுச் சிறுமி. மரம் ஒன்றைப் பற்றிக்கொண்டு நாட்கணக்கில் உயிர் பிழைத்திருந்தவர். அவரே 2015-இல் 500 மீட்டர் ஓட்டத்தின் உலகத் தரவரிசையில் நான்காம் இடத்துக்கு உயர்ந்தார்.

இனிப் பந்தயத்திற்கு வருவோம். மொழிபெயர்ப்பையே தொழிலாகக் கொண்ட நமக்கு, இவ்விளையாட்டின் சொற்களைத் தமிழாக்குவது எளிதாக இல்லை. 'வெலோட்ரோம்' என்பதற்குச் 'சைக்கிள் வட்டரங்கு' என்று எழுதிவிடலாம். ஆனால் கிண்ணத்தின் உட்புறம் போலச் சரிந்து நிற்கும் அந்த மரத்தளம் அச்சொல்லில் தோன்றுவதில்லையே! சுற்று ஒன்றுக்கு 250 மீட்டர். அதில் ஓடும் வண்டிக்குத் தடுப்பும் இல்லை. மிதிப்பதை நிறுத்திச் சும்மா உருளவும் இயலாது. சக்கரம் சுழலும்வரை காலும் சுழல வேண்டும்.

குழுப் பந்தயத்தில் மூவர் ஒருவர் பின் ஒருவராக ஓடுவர். முன்னே செல்பவர் காற்றைக் கிழித்துக்கொண்டு போக, பின்னே வருபவர் அவர் நிழலில் வலிமையைச் சேமித்துக்கொள்வார். முதல் சுற்று முடிந்ததும் முதல்வர் சரிவின் மேலே ஏறி விலகிவிடுவார். இரண்டாம் சுற்றின் முடிவில் இரண்டாமவரும் விலகுவார். இறுதிச் சுற்றை மூன்றாமவர் தனியே ஓட்டி முடிக்கும் கணத்தைக் கொண்டுதான் மூவருக்கும் காலம் கணக்கிடப்படும். தம் வேலை முடிந்ததும் விலகிவிடுவது இதில் ஒரு கடமை. இவ்வளவு தெளிவான கூட்டுப்பணியை நாம் வேறு விளையாட்டில் கண்டதில்லை.

எசோவுக்கு இதற்கு ஓராண்டு முன்பே ஓர் அனுபவம் கிட்டியிருந்தது. 2018-இல் சுவிட்சர்லாந்தின் எய்கிள் நகரில், 'கெய்ரின்' என்னும் தனிநபர் பந்தயத்தில் அவர் வெள்ளி வென்றார். உலகச் சைக்கிள் போட்டியில் இந்தியர் பெற்ற முதல் பதக்கம் அது. தங்கம் தவறியது 0.017 வினாடியில், தூரத்தில் சொன்னால் ஏறக்குறைய ஓர் அடி. ஓர் அடிக்காக ஓராண்டு உழைக்கத்தான் வேண்டும்! 2019 ஜனவரியில் ஜகார்த்தாவில் நடந்த ஆசியப் போட்டியில் இந்திய இளையோர் குழு தங்கம் பெற்றது. ஆகஸ்டில் பிராங்பர்ட்டின் இறுதி ஓட்டத்தில் எதிர்நின்றது ஆஸ்திரேலியா. முக்கால் கிலோமீட்டரை நம் இளைஞர் 45 வினாடிக்குள் முடித்தனர். வெற்றியின் இடைவெளி 0.056 வினாடி, ஒரு சைக்கிளின் நீளம்கூட இல்லை. செய்தி நாட்டுக்கு எட்டியது சுதந்திர தினத்தை ஒட்டி.

அந்த ஆண்டைப் புகழ்ந்து இத்துடன் நிறுத்திக்கொள்ளலாம். பலரும் அவ்வாறே நிறுத்தினர். ஆனால் இளையோர் பிரிவு என்பது 17, 18 வயதினருக்கு உரியது. அதற்கு மேல் அதே மூன்று சுற்றுகளைப் பெரியவர்களோடு ஓட்ட வேண்டும். 2024-இல் பாரிஸ் ஒலிம்பிக்கில் நெதர்லாந்துக் குழு எடுத்த காலம் 40.949 வினாடி. 0.056 வினாடி பெரிதாகத் தோன்றிய கண்ணுக்கு, இடையிலுள்ள மூன்றரை வினாடிக்கு மேற்பட்ட தூரம் எத்தகையது என்பதை நேயர்களே எண்ணிப் பாருங்கள். 1964-க்குப் பின் இந்தியச் சைக்கிள் வீரர் எவரும் ஒலிம்பிக்கில் ஓடவில்லை. 2021-இல் நடந்த டோக்கியோவிலும் இல்லை, பாரிஸிலும் இல்லை.

குறை கால்களில் உள்ளது என்று நாம் கருதவில்லை. தீவிலே தொடங்கும் சிறுவனோ சிறுமியோ முதலில் கப்பலேறிப் போர்ட் பிளேரில் உள்ள பயிற்சி நிலையத்துக்கு வர வேண்டும். தேறினால் டில்லி. 2010 காமன்வெல்த் போட்டிக்காகக் கட்டிய மரத்தள வட்டரங்கு அங்கேதான் உள்ளது. பதினைந்து பதினாறு வயதில் தாய்மொழி கேளாத ஊரில், விடுதிச் சோற்றில், கோடைக் காற்றில் வளர வேண்டும். பிழைப்பைத் தேடி வேற்று மாநிலம் சென்ற நேயர்களுக்கு இதை நாம் விளக்க வேண்டுவதில்லை. நாம் ஓர் ஊதியத்திற்காக வந்தோம். அவர்கள் ஒரு வட்டத்தை இன்னும் கால் வினாடி விரைவாகச் சுற்றுவதற்காக வருகிறார்கள்.

ஆயினும் வருகை நிற்கவில்லை. 2022-இல் பர்மிங்காமில் நடந்த காமன்வெல்த் போட்டிக்கான இந்தியச் சைக்கிள் குழுவில் எசோவோடு அந்த டேவிட் பெக்காமும் இடம்பெற்றார். கூடவே மணிப்பூரின் ரொனால்டோவும். பெயர்ப் பட்டியலை மட்டும் பார்த்தவர், கால்பந்துக் குழு வழிதவறி வந்துவிட்டதோ என்று ஐயுற்றிருக்கக்கூடும்.